சுபுஹுக்குப் பிறகு சத்தமில்லாத வீடு

கேள்வி: ஆன்லைனில் இரண்டு வருடம் தஜ்வீது (குர்ஆனைச் சரியான உச்சரிப்போடு ஓதும் முறை) படித்தேன். உம்மா (வயது 64) சிறுவயதில் ஓதப்பள்ளிக்குப் போனதோடு சரி. தொழுகையில் 'ஹா', 'ஐன்' என்ற அரபி எழுத்துகள் சரியாக வருவதில்லை. பிள்ளைகள் முன்னால்கூடத் திருத்திப் பார்த்துவிட்டேன், பயனில்லை. இப்போதெல்லாம் சுபுஹு என்ற அதிகாலைத் தொழுகைக்குப் பிறகு சத்தமாகக் குர்ஆன் ஓதுவதை அவர்களே நிறுத்திவிட்டார்கள். அவர்கள் தொழுகை கூடுமா (செல்லுமா)? ரமளானுக்குள் வகுப்பில் சேர்க்க என்ன வழி?
— பெயர் வேண்டாம், காயல்பட்டினம்

பதில்: கூடுமா என்பதை உங்கள் மஹல்லா ஆலிமிடம் (ஊர் மார்க்க அறிஞரிடம்) கேளுங்கள். எனக்குத் தைத்தது வேறு வரி. 'அவர்களே நிறுத்திவிட்டார்கள்' என்கிறீர்கள். அவர்களா நிறுத்தினார்கள்? பேரப்பிள்ளைகள் பார்த்துக்கொண்டிருக்க, பெற்ற மகன் குற்றம் பிடித்தால் எந்த உம்மா வாய் திறப்பார்?

ஃபர்ளு (கடமையான தொழுகை) மட்டுமே நாளுக்கு 17 ரக்அத்து (தொழுகைச் சுற்று). ரக்அத்துக்கு ஒரு அல்ஹம்து சூரா, அதாவது குர்ஆனின் முதல் அத்தியாயம். உங்களை வயிற்றில் சுமந்தபோதும் அதே நாக்கால்தான் ஓதினார்கள். திக்கித் திணறிச் சிரமப்பட்டு ஓதுகிறவருக்கு இரண்டு கூலி என்று நபிகளின் மனைவி ஆயிஷா நாயகி அறிவிக்கும் ஹதீஸ் (நபிமொழி) புகாரி, முஸ்லிம் என்ற இரண்டு தொகுப்புகளிலும் இருக்கிறது. அந்தப் பாடம் நடந்த அன்று வகுப்புக்கு லீவு போட்டுவிட்டீர்களோ?

இன்னொன்று. 'ரமளான்' என்று எழுதியிருக்கிறீர்கள். அரபியில் அந்த எழுத்து 'ள' இல்லை ஐயா. தமிழ் நாக்குக்கு அது வராமல்தான் 'ள' போட்டு வைத்தோம், 'ஃபர்ளு'வுக்கும் அப்படியே. யாரும் உங்களை நடுக்கூடத்தில் நிறுத்தித் திருத்தவில்லையே!

பிழையே திருத்தக் கூடாதென்று சொல்லவில்லை. அல்ஹம்து சூராவில் 'அன்அம்த' என்பதை 'அன்அம்து' என்று ஓதினால், 'நீ அருள் புரிந்தாய்' என்பது 'நான் அருள் புரிந்தேன்' ஆகிவிடும். அப்படிப் பொருள் புரளும் இடம் இருந்தால் தனியாக, மெதுவாக, ஒருநாள் சொல்லுங்கள். அதுவும் உங்கள் மனைவி சொன்னால் நல்லது. நீங்கள் சொல்லிக் கெடுத்தது போதும்.

வகுப்பெல்லாம் அப்புறம். வருகிற வெள்ளியிரவு (வியாழன் மாலை), மஃரிபு என்ற அந்தித் தொழுகை முடிந்ததும் உம்மா பக்கத்தில் பாயில் போய் உட்காருங்கள். "யாசீன் ஓதுங்க உம்மா, நான் கேக்குறேன்" என்று சொல்லுங்கள். யாசீன் சூராவில் 83 ஆயத்து (வசனம்). முடிகிறவரை உங்கள் வாய் திறக்கக் கூடாது, புருவமும் உயரக் கூடாது. முதல் தடவை, "முட்டு வலிக்குது, நீயே ஓது" என்று மழுப்புவார்கள். அடுத்த வெள்ளியிரவும் போய் உட்காருங்கள்.