மரத்தில் சிவப்பு வளையம்

வணக்கம் ஐயா,

என் தங்கை ஃப்ளோரிடாவில் இருக்கிறாள். அங்கே ஒரு சதுப்புக் காட்டில் நடந்தபோது எடுத்த படத்தை இணைத்திருக்கிறேன். மரப்பட்டையில் உள்ளங்கை அகலத்துக்கு ஒரு வட்டம். நடுவில் சிவப்புப் புள்ளிகள், சுற்றிலும் சாம்பல் கலந்த பச்சை, அப்புறம் வெள்ளை, ஓரத்தில் நல்ல சிவப்பு. யாரோ பெயின்ட் அடித்துவிட்டார்களோ என்றுதான் முதலில் நினைத்தாளாம். கூட வந்தவர்கள், இது மரத்துக்கு வந்த நோய், பரவினால் மரம் பட்டுப்போகும் என்றார்களாம். அடுத்த முறை போகும்போது சுரண்டி எடுத்துவிடட்டுமா என்று கேட்கிறாள். என்ன சொல்வது?

எம்.

அன்புள்ள எம்.,

சுரண்ட வேண்டாம் என்று தங்கையிடம் இன்றைக்கே சொல்லிவிடுங்கள். மற்றதைப் பொறுமையாகப் பேசலாம்.

படத்தில் இருப்பது லைக்கன். பூஞ்சையும் பாசியும் சேர்ந்து ஒரே உடலாக வாழும் உயிர். நீங்கள் சொன்ன நிற வரிசையை வைத்துப் பார்த்தால் இது ஹெர்போதல்லான் ரூப்ரோசிங்க்டம் என்ற இனம். தென்கிழக்கு அமெரிக்காவில் தொடங்கி கரீபியத் தீவுகள், மத்திய அமெரிக்கா, தென் அமெரிக்கா வரை, ஈரமும் நிழலும் உள்ள காடுகளில் வளர்கிறது. சிவப்பும் பச்சையும் சேர்ந்திருப்பதால் அங்கே கிறிஸ்துமஸ் லைக்கன் என்றும் சொல்வார்கள்.

நோய் என்ற பயத்துக்கு வருகிறேன். லைக்கனுக்கு வேர் கிடையாது. மரப்பட்டையின் வெளி அடுக்கு செத்த செல்களால் ஆனது. பூஞ்சையின் இழைகள் பற்றிக்கொள்வது அந்த அடுக்கைத்தான். உணவு ஓடும் உயிருள்ள திசு அதற்கும் உள்ளே இருக்கிறது. லைக்கனுக்கான உணவைப் பாசி ஒளிச்சேர்க்கை மூலம் தயாரித்துவிடுகிறது. தண்ணீரும் தாதுக்களும் மழையிலிருந்தும் ஈரக்காற்றிலிருந்தும் கிடைக்கின்றன. மரத்திடம் அதற்கு வேண்டியது இருக்க ஓர் இடம், அவ்வளவுதான். நலிந்த மரங்களில் லைக்கன் நிறையத் தெரிவதால் பழி அதன்மேல் விழுகிறது. இலை உதிர்ந்த மரத்தில் வெளிச்சம் கூடுவதால் பல வகை லைக்கன்களுக்கு அங்கே வசதி. மரம் நலிந்தது வேறு காரணத்தால்.

இந்த லைக்கனில் என்னை மிகவும் கவர்வது அந்த ஓரம்தான். கைலென்ஸ் வைத்துப் பார்த்தால் கோடாகத் தெரியாது, பஞ்சைப் பிரித்துப் போட்டதுபோல இழைகள் தெரியும். அங்கே இருப்பது பூஞ்சை மட்டும். பாசி இன்னும் அங்கே வரவில்லை. முன்னால் போய் இடம் பிடிப்பது பூஞ்சையின் வேலை. உள்ளே பச்சை தெரிகிற இடத்தில்தான் பாசி குடியேறியிருக்கிறது. அந்தப் பாசி டிரென்டிபோலியா வகையைச் சேர்ந்தது. பச்சைப் பாசிக் கூட்டத்தில் ஒன்றுதான், ஆனால் கரோட்டினாய்டு நிறமிகள் மிகுந்திருப்பதால் தனியாக வளரும்போது மரத்தில் ஆரஞ்சு நிறப் படலமாகத் தெரியும். ஓரத்துச் சிவப்பு வேறு கணக்கு. அது பூஞ்சை உண்டாக்கும் கயோடெக்டோனிக் அமிலத்தின் நிறம்.

நடுவில் நீங்கள் புள்ளி என்று சொன்னவை நுண்ணிய மணிகள். பூஞ்சை இழையும் பாசியும் ஒவ்வொன்றிலும் சேர்ந்தே இருக்கின்றன. மணி உடைந்து வேறொரு பட்டையில் போய் ஒட்டினால் அங்கே புது வட்டம் தொடங்க முடியும். பல லைக்கன்களில் பூஞ்சை மட்டும் வித்துகளை அனுப்பும், போன இடத்தில் அது தனக்கான பாசியைத் தேடியாக வேண்டும். இந்த இனத்துக்கு அந்த அலைச்சல் இல்லை. கூட்டாளியோடு சேர்ந்தே கிளம்புகிறது.

1820இல் எஹ்ரென்பெர்க் என்ற ஜெர்மானிய இயற்கையியலாளர் இதற்கு முதலில் பெயர் வைத்தபோது பூஞ்சைப் பேரினம் ஒன்றில் சேர்த்தார். லைக்கன் என்பது இரண்டு உயிர்களின் கூட்டு என்று ஷ்வெண்டனர் என்ற சுவிஸ் தாவரவியலாளர் சொன்னது 1860களில்தான். அந்தச் சிவப்பு ஓரத்தை மட்டும் பார்த்தால் எஹ்ரென்பெர்க் சொன்னது சரிதானே!

சுரண்டுவதைப் பற்றி இன்னும் கொஞ்சம் சொல்லியாக வேண்டும். இது பட்டையோடு பட்டையாக ஒட்டி வளரும் வகை. கத்தியால் எடுத்தால் பட்டையும் சேர்ந்து வரும், மரத்துக்கு உண்மையான காயம் அப்போதுதான் படும். இத்தகைய லைக்கன்கள் பொதுவாக ஆண்டுக்குச் சில மில்லிமீட்டர் வளர்ந்தாலே அதிகம். உள்ளங்கை அகலம் என்றால் அந்த வட்டத்துக்கு எத்தனை வயது இருக்கும் என்று நீங்களே யோசித்துப் பாருங்கள்.

எனக்குக் கோபம் வருவது பட்டையைச் சுரண்டுவதைவிடக் காட்டு மரங்களை வெட்டுவதைப் பார்த்துத்தான். சுற்றியுள்ள மரங்கள் போய் வெயில் நேராக அடித்தால், நிழலுக்குப் பழகிய லைக்கன்கள் நிற்கிற மரத்தில்கூடத் தாக்குப்பிடிப்பதில்லை. மரம் இருக்கிறதே என்று நாம் நினைப்போம், அதன் பட்டை காலியாகியிருக்கும். அப்படிப் போகிறவற்றில் பலவற்றுக்கு இன்னும் பெயர்கூட வைக்கவில்லை. 2014இல் கிராஃபிடேசி என்ற ஒரே லைக்கன் குடும்பத்தில் 175 புதிய இனங்களை ஒரே ஆய்வுக் கட்டுரையில் விவரித்தார்கள். அந்தக் குடும்பமும் பெரும்பாலும் வெப்பமண்டலக் காடுகளின் பட்டைகளில் வாழ்வதுதான். இவ்வளவும் அதுவரை யார் கண்ணிலும் படாமலா இருந்தது? பார்த்தவர்கள் மரத்தில் ஏதோ கறை என்று தாண்டிப் போயிருப்பார்கள். உங்கள் தங்கை நின்று படம் எடுத்திருக்கிறாள். எனக்கு அதில் அவ்வளவு சந்தோஷம்.

அடுத்த முறை போகும்போது கத்திக்குப் பதில் ஒரு ஸ்கேல் எடுத்துக்கொண்டு போகட்டும். அதை வட்டத்தின் பக்கத்தில் பிடித்து, தொடாமல் ஒரு படம். அடுத்த ஆண்டு அதே மரத்தில், அதே தூரத்திலிருந்து இன்னொன்று. இரண்டையும் எனக்கும் அனுப்பச் சொல்லுங்கள்.