18வது ஸ்குவாட்ரன் பற்றிக் கேளுங்கள்: அம்பாலா முதல் சூலூர் வரை

இந்திய விமானப்படையின் 18வது ஸ்குவாட்ரன், அதாவது 'பிளையிங் புல்லட்ஸ்' பற்றி நண்பர்கள் பல நாளாகக் கேட்டுக்கொண்டிருந்த கேள்விகளைச் சேர்த்து இங்கே பதில் எழுதுகிறேன். நான் விமானப்படையில் பணியாற்றியவன் அல்ல. போர் விமான வரலாற்றைப் பல வருடங்களாகப் படித்து வருபவன், அவ்வளவுதான். எனக்கு உறுதியாகத் தெரிந்ததை மட்டும் சொல்கிறேன்.

ஸ்குவாட்ரன் என்றால் என்ன அண்ணா? ஒன்றில் எத்தனை விமானம் இருக்கும்? (கார்த்திக், பல்லடம்)

நம் விமானப்படையில் ஒரு போர் விமான ஸ்குவாட்ரனில் வழக்கமாக 16 முதல் 18 விமானங்கள் இருக்கும். இரட்டை இருக்கை கொண்ட பயிற்சி விமானங்களும் அதில் அடக்கம். விமானிகள், பொறியாளர்கள், ஆயுதம் ஏற்றுபவர்கள், தரைப் பணியாளர்கள் என்று அதைச் சுற்றி ஒரு பெரிய குடும்பமே இருக்கும். விமானம் மாறும், ஊர் மாறும், ஆட்களும் மாறுவார்கள். எண்ணும் சின்னமும் பெயரும் மட்டும் மாறாது. 18வது ஸ்குவாட்ரனின் கதையைப் புரிந்துகொள்ள இது ஒன்று தெரிந்தால் போதும்.

எப்போது தொடங்கினார்கள்? 1965 போரில் பெரிதாகச் சாதித்தார்களா? (ஜோசப், தூத்துக்குடி)

1965 ஏப்ரல் 15 அன்று அம்பாலாவில், நேட் என்ற குட்டிப் போர் விமானத்தோடு தொடங்கினார்கள். அடுத்த ஐந்தே மாதத்தில் போர் வந்துவிட்டது. அந்தப் போரில் நேட்டுக்குப் பெயர் வாங்கித் தந்தவை 23வது, 9வது ஸ்குவாட்ரன்கள்தான். செப்டம்பர் 3 அன்று 23வது ஸ்குவாட்ரனின் டிரெவர் கீலர் பாகிஸ்தானின் சேபர் போர் விமானம் ஒன்றைத் தாக்கினார். பின்னர் அவருடைய அண்ணன் டென்சில் கீலரும் 9வது ஸ்குவாட்ரனிலிருந்து இன்னொன்றை வீழ்த்தினார். சகோதரர்கள் இருவருக்கும் வீர் சக்ரா கிடைத்தது. 18வது ஸ்குவாட்ரனுக்கு அப்போது வயது போதவில்லை. அதன் நேரம் ஆறு வருடம் கழித்து வந்தது.

செகோன் கதையை முழுதாகச் சொல்லுங்கள் சார். பள்ளியில் ஒரு வரியில் முடித்துவிட்டார்கள். (நிவேதா, மதுரை)

ஒரு வரியில் முடிக்கிற கதையே இல்லை அம்மா. கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

1948க்குப் பிந்தைய சர்வதேச உடன்பாட்டின்படி ஸ்ரீநகரில் வான் பாதுகாப்புப் போர் விமானங்களை நிரந்தரமாக வைக்க முடியாது. 1971 டிசம்பரில் போர் வெடித்த பிறகுதான் 18வது ஸ்குவாட்ரனின் நேட் விமானங்கள் சில அங்கே போயின. ஸ்ரீநகர் விமானதளம் கடல் மட்டத்திலிருந்து 1,600 மீட்டருக்கும் மேலே இருக்கிறது. சுற்றிலும் மலை, உறைபனிக் குளிர், காலையில் மூடுபனி. பஞ்சாப் சமவெளியிலிருந்து போன விமானிகளுக்கு அந்த இடமும் புதிது, காற்றும் புதிது. பிளையிங் ஆபீசர் நிர்மல்ஜித் சிங் செகோன் அவர்களில் ஒருவர். லூதியானாவுக்குப் பக்கத்தில் இசேவால் கிராமத்துக்காரர். அவருடைய தந்தையும் விமானப்படையில் இருந்தவர்.

டிசம்பர் 14 காலையில் பெஷாவரிலிருந்து பாகிஸ்தானின் 26வது ஸ்குவாட்ரன் ஆறு சேபர் விமானங்களை அனுப்பியது. நான்கில் குண்டுகள், இரண்டு காவலுக்கு. தலைமை தாங்கி வந்தவர் விங் கமாண்டர் சங்கேசி. ஸ்ரீநகரில் தயார் நிலையில் இருந்தவை இரண்டு நேட்கள். முதலாவதில் பிளைட் லெப்டினன்ட் கும்மன், இரண்டாவதில் செகோன்.

கும்மன் கிளம்பிவிட்டார். செகோன் ஓடுபாதையில் ஓடிக்கொண்டிருக்கும்போதே பின்னால் குண்டு விழ ஆரம்பித்துவிட்டது. அந்த நொடியில் கிளம்பாமல் இருந்தாலும் யாரும் அவரைக் குறை சொல்லியிருக்க முடியாது. அவர் நிறுத்தவில்லை. மேலே எழுந்ததும் குண்டு போட்டுவிட்டுத் திரும்பிய சேபர்களின் பின்னால் போய்விட்டார். புழுதியிலும் பனியிலும் கும்மனுக்கு அவர் கண்ணில் படவே இல்லை. அப்புறம் நடந்த சண்டை முழுவதும் அவர் ஒருவராகப் போட்டதுதான்.

இரண்டு சேபர்களுக்குப் பின்னால் இருக்கிறேன், விடமாட்டேன் என்று வானொலியில் சொன்னார். மலை உச்சிகளுக்குக் கீழே, தளத்துக்கு மேலேயே வட்டம் வட்டமாகச் சுற்றிய சண்டை அது. மற்ற சேபர்கள் அவருக்குப் பின்னால் வந்து சேர்ந்தன. கடைசியில் சலீம் பேக் என்ற பாகிஸ்தான் விமானியின் குண்டுகள் நேட்டைத் தாக்கின. அடிபட்டுவிட்டது, வந்து உதவு என்று கும்மனிடம் சொன்னதே அவரிடமிருந்து வந்த கடைசிச் செய்தி. தளத்துக்குத் திரும்பி வா என்றார்கள். விமானம் கொஞ்ச தூரம் நேராகப் பறந்தது. பிறகு தலைகீழாகப் புரண்டு கீழே பாய்ந்தது. கட்டுப்பாட்டு அமைப்பு செயலிழந்திருக்க வேண்டும். கடைசி நேரத்தில் வெளியேறப் பார்த்திருக்கிறார், விமானி அறையின் மேற்கூடு பறந்ததைப் பார்த்தவர்கள் உண்டு. ஆனால் உயரம் போதவில்லை.

ஒரு பள்ளத்தாக்கில் விமானத்தின் சிதைவு கிடைத்தது. ராணுவமும் விமானப்படையும் தேடியும் அவருடைய உடல் கிடைக்கவில்லை. மூன்று நாளில் போர் நின்றது. 1972ல் நாட்டின் மிக உயர்ந்த போர்க்கால வீர விருதான பரம் வீர் சக்ரா அவருக்கு அறிவிக்கப்பட்டது. இன்றுவரை இந்திய விமானப்படையில் அந்த விருது பெற்றவர் அவர் ஒருவர்தான்.

அவர் எத்தனை சேபரை வீழ்த்தினார்? ஒரு காணொளியில் இரண்டு என்கிறார்கள், பாகிஸ்தான் தரப்பு பூஜ்யம் என்கிறதே? (ரியாஸ், நாகப்பட்டினம்)

நம் விருதுக் குறிப்பில் ஒரு சேபரைத் தாக்கினார், இன்னொன்றுக்குத் தீ வைத்தார் என்று இருக்கிறது. அன்று எந்த விமானத்தையும் இழக்கவில்லை என்பது பாகிஸ்தான் தரப்பின் பதிவு. வான் சண்டையில் இப்படி முரண்படுவது உலகம் முழுக்க உண்டு. அடிபட்டுப் புகையோடு ஓடும் விமானம் மலைக்குப் பின்னால் மறைந்தால், விழுந்ததா வீடு போய்ச் சேர்ந்ததா என்று பார்த்தவருக்குத் தெரியாது.

என் கருத்தை ஒளிக்காமல் சொல்கிறேன். செகோனின் பெருமையை இந்த எண்ணிக்கையில் தேடுவதே தவறு. குண்டு விழும் ஓடுபாதையிலிருந்து ஒற்றை நேட்டில் கிளம்பி ஆறு விமானங்களுக்கு நடுவே போய்ச் சண்டை போட்டார் என்பதை இரு தரப்புமே மறுக்கவில்லை. பாகிஸ்தான் விமானப்படையிலிருந்து ஓய்வு பெற்றவர்கள் இந்தச் சண்டையைப் பற்றி எழுதும்போதுகூட அவரை மரியாதையோடுதான் குறிப்பிடுகிறார்கள். அவர் மேல் உண்மையான மதிப்பு இருப்பவர்கள் சேபர்களின் எண்ணிக்கையைக் கூட்டிச் சொல்ல வேண்டியதில்லை. காணொளி போடுகிறவர்கள் இதைக் கொஞ்சம் யோசிக்க வேண்டும்.

நேட் அவ்வளவு சின்னதா? அதை வைத்து எப்படிச் சமாளித்தார்கள்? (சுரேஷ், ஓசூர்)

நீளம் 9 மீட்டருக்குள், இறக்கையின் அகலம் 7 மீட்டருக்குள். பிரிட்டனின் போலண்ட் நிறுவனத்துக்காக பெட்டர் என்ற வடிவமைப்பாளர் உருவாக்கியது. விமானங்கள் வருடத்துக்கு வருடம் கனத்துக்கொண்டும் விலை ஏறிக்கொண்டும் போன காலத்தில், சின்னதாக, மலிவாக ஒன்று செய்து காட்டுகிறேன் என்று அவர் இறங்கினார். பிரிட்டன் அதைப் பயிற்சி விமானமாகத்தான் பெரிய அளவில் பயன்படுத்தியது. போர் விமானமாகப் பெரிய அளவில் நம்பி எடுத்தது நாம். பெங்களூருவில் இருக்கும் அரசு விமானத் தயாரிப்பு நிறுவனமான எச்.ஏ.எல். உரிமம் பெற்றுத் தயாரித்தது.

சின்ன உருவம் எதிரி கண்ணில் சீக்கிரம் படாது. வேகமாக மேலே ஏறும், இறுக்கமாகத் திரும்பும். சேபரில் ஆறு இயந்திரத் துப்பாக்கி என்றால் இதில் 30 மி.மீ. பீரங்கி இரண்டு. சரியாக விழுந்தால் சில குண்டுகளே போதும். ஆனால் குறைகளும் இருந்தன. பீரங்கி சண்டைக்கு நடுவே சிக்கிக்கொள்ளும். வால் இறக்கையின் கட்டுப்பாட்டில் தொல்லை வரும், அதனால் விபத்துகளும் நடந்தன. எரிபொருள் கொஞ்சம்தான் கொள்ளும் என்பதால் நீண்ட நேரம் சுற்ற முடியாது. இவற்றைத் திருத்தி எச்.ஏ.எல். செய்ததுதான் அஜித். 18வது ஸ்குவாட்ரன் அதையும் ஓட்டியது.

போய்ரா சண்டை இவர்களுடையதுதானே? (விக்னேஷ், சேலம்)

இல்லை தம்பி, அது 22வது ஸ்குவாட்ரன். 1971 நவம்பர் 22, கிழக்கு எல்லை. மாஸ்ஸி, கணபதி, லாசரஸ், சோரெஸ் என்ற நால்வர் நேட்களில் போய் மூன்று சேபர்களைத் தாக்கினார்கள். அன்று வெளியே குதித்துப் பிடிபட்ட பாகிஸ்தான் விமானி பர்வேஸ் மெஹ்தி குரேஷி பிற்பாடு அந்நாட்டு விமானப்படைத் தளபதியாகவே ஆனார். இரண்டுமே நேட், இரண்டுமே 1971 என்பதால் பலர் குழப்பிக்கொள்கிறார்கள்.

2016ல் கலைத்துவிட்டார்கள் என்று படித்தேன். அப்படியானால் வரலாறு என்ன ஆகும்? (தமிழ்ச்செல்வி, திருச்சி)

அஜித்துக்குப் பிறகு மிக்-27 வந்தது. அத்தோடு வேலையே மாறிவிட்டது. நேட் வானத்தில் எதிரியைத் துரத்தும் விமானம், மிக்-27 தாழப் பறந்து தரை இலக்குகளைத் தாக்குவது. கால் நூற்றாண்டுக்கு மேல் அதை ஓட்டினார்கள். 2015 நவம்பரில் குடியரசுத் தலைவர் பிரணாப் முகர்ஜி இவர்களுக்கும் 22வது ஸ்குவாட்ரனுக்கும் ஹாசிமாராவில் ஒரே விழாவில் கொடி வழங்கினார். பணியால் சம்பாதிக்க வேண்டிய பெரிய கௌரவம் அது. அடுத்த வருடமே, தொடங்கிய அதே ஏப்ரல் 15ல், மிக்-27களின் ஆயுள் முடிந்து ஸ்குவாட்ரன் நிறுத்தப்பட்டது.

இதைக் கலைப்பு என்று சொல்வதைவிட எண்ணை எடுத்து வைப்பது என்று சொல்லலாம். எண், சின்னம், கோப்பைகள், பதிவேடுகள் எல்லாம் காத்திருக்கும். புது விமானம் வரும்போது, புதிதாக ஓர் எண் போடாமல் இப்படிக் காத்திருக்கும் எண்ணுக்கு உயிர் கொடுப்பார்கள். இந்த வழக்கத்தை நான் மனதார மதிக்கிறேன். இருபத்திரண்டு வயதில் வந்து சேரும் ஒரு விமானி, முதல் நாளே செகோன் யார் என்று தெரிந்துகொள்கிறான்.

எங்கள் ஊருக்கு எப்படி வந்தது? (முருகேசன், சூலூர்)

2020 ஏப்ரலில் அந்த எண்ணை உங்கள் ஊரில் மீண்டும் எழுப்பினார்கள் ஐயா. மே 27 அன்று அப்போதைய விமானப்படைத் தளபதி பதௌரியா அதைப் பணியில் அமர்த்தினார். அன்று சூலூரில் அவரே நம் நாட்டுத் தயாரிப்பான தேஜஸ் போர் விமானத்தில், ஒற்றை இருக்கை வகையில் பறந்தார். கொரோனா ஊரடங்கு காலம் என்பதால் நம் ஆட்கள் பலருக்கு அது தெரியாமலே போய்விட்டது.

சூலூரில் அதற்கு முன்பே 45வது ஸ்குவாட்ரன் தேஜஸோடு இருந்தது. 18 இரண்டாவது. ஆனால் முழுப் பணி அனுமதி பெற்ற வகைத் தேஜஸ் முதலில் கிடைத்தது இவர்களுக்குத்தான். வானத்திலேயே எரிபொருள் நிரப்பிக்கொள்ளும் வசதி அதில் உண்டு. நேட்டில் பெங்களூரு எச்.ஏ.எல். தயாரிப்போடு வளர்ந்த ஸ்குவாட்ரன், அதே எச்.ஏ.எல். கட்டிய தேஜஸுக்கு வந்து சேர்ந்திருக்கிறது. தேஜஸும் இன்றைய போர் விமானங்களில் சின்னதுதான், 13 மீட்டர் நீளம். எஞ்சின் மட்டும் இன்னும் அமெரிக்காவின் எப்-404. அதுவும் உள்நாட்டில் வர வேண்டும் என்ற ஏக்கம் எனக்கு நிறைய இருக்கிறது.

பையனுக்கு நேட்டை நேரில் காட்ட வேண்டும். எங்கே போகலாம்? (பானு, வேலூர்)

டெல்லி போனால் பாலம் விமானப்படை அருங்காட்சியகத்தில் நேட் நிற்கிறது. பக்கத்தில் நின்றால்தான் அதன் அளவு புரியும். அப்படியே இந்தியா கேட் அருகே தேசியப் போர் நினைவிடத்துக்கும் கூட்டிப் போங்கள். பரம் வீர் சக்ரா பெற்ற 21 பேரின் மார்பளவுச் சிலைகள் அங்கே இருக்கின்றன, செகோனுடையதும் உண்டு. இன்னொரு நேட் கராச்சியில் பாகிஸ்தான் விமானப்படை அருங்காட்சியகத்தில் இருக்கிறது. 1965ல் பாகிஸ்தானின் பஸ்ரூரில் தரையிறங்கிப் பிடிபட்ட நம் விமானம் அது.