தாத்தாவின் செம்பு அரிசியை இழுக்குமா? டெஸ்டிங்குக்குப் பணம் கட்டும் முன் படியுங்கள்

கேள்வி: பரணை ஒழிக்கும்போது தாத்தா காலத்துச் செம்பு ஒன்று கிடைத்தது. புரோக்கர் ஒருவர் பார்த்துவிட்டு, இது அரிசியை இழுக்கும் 'ரைஸ் புல்லர்', இடி விழுந்து இரிடியம் என்ற உலோகம் ஏறிய செம்பு, கோடிக்கணக்கில் போகும் என்கிறார். கம்பெனி சயின்டிஸ்ட் வந்து சோதிக்க 45,000 ரூபாய் கட்டச் சொல்கிறார். கட்டலாமா? உண்மையில் என்ன பெறும்?

பதில்: கட்டாதீர்கள். ஐந்நூறு ரூபாய் கேட்டிருந்தாலும் இதையேதான் சொல்லியிருப்பேன்.

இடி விழுந்தால் செம்பு உருகலாம், கருகலாம். ஆனால் அது வேறு உலோகமாக மாறாது. இரிடியம் உருக 2,400 டிகிரிக்கு மேல் சூடு வேண்டும், செம்பு உலோகத்துக்கு 1,085 டிகிரி போதும். பாத்திரம் வார்க்கும் நம் கன்னார் பட்டறை எதிலும் இரிடியத்தை உருக்கிச் சொம்பு வார்த்திருக்க முடியாது. இரிடியம் என்று ஒரு உலோகம் இருப்பதே 1803-இல்தான் தெரிய வந்தது. சரி, நிஜமாகவே இரிடியமாக இருந்தாலும் அது அரிசியை இழுக்காது. புரோக்கர் காட்டும் அரிசியில் இரும்புத்தூள் ஒட்டியிருக்கும், பாத்திரத்துக்குள் காந்தம் ஒளிந்திருக்கும், அவ்வளவுதான் வித்தை.

வீட்டிலேயே ஒரு சோதனை செய்யலாம். செம்பை எடை போடுங்கள். ஒரு வாளியில் விளிம்பு வரை தண்ணீர் நிரப்பி, செம்புக்குள் காற்று நிற்காதபடி முழுக்க அமிழ்த்துங்கள். வழியும் தண்ணீரைப் பிடித்து அளந்துகொள்ளுங்கள். பாத்திரம் 900 கிராம், உலோகம் செம்பு என்றால் சுமார் 100 மில்லி வழியும், பித்தளை என்றால் இன்னும் கொஞ்சம் கூட. இரிடியமாக இருந்தால் 40 மில்லிதான் வழியும். இன்னும் சந்தேகமா, நகைக்கு டச் (உலோகத்தின் தரம்) பார்க்கும் கடையில் எக்ஸ்ரே மெஷின் வைத்திருப்பார்கள், சின்னக் கட்டணத்தில் செம்பு எத்தனை சதவீதம், துத்தநாகம் எத்தனை என்று சீட்டே அடித்துக் கொடுப்பார்கள்.

பொருளை விட எனக்கு அந்த ஆளைப் பற்றித்தான் கவலை. 45,000 என்பது ஆரம்பம். அப்புறம் விண்வெளி வீரர் மாதிரி உடுப்புப் போட்ட ஒருவர் வருவார், கதிர்வீச்சு என்று பயமுறுத்துவார், கெமிக்கல் தீர்ந்துவிட்டது, மறுபடி டெஸ்ட் என்று இன்னொரு தொகை கேட்பார். நாசா வாங்குகிறது, ரிசர்வ் வங்கியில் பணம் வந்து நிற்கிறது, வரி கட்டினால் கைக்கு வரும் என்று முத்திரை போட்ட காகிதமும் காட்டுவார்கள். ரிசர்வ் வங்கி தனி ஆள் யாருக்கும் பணம் போட்டு எடுக்கும் கணக்கு வைத்துத் தருவதில்லை, அந்தக் காகிதம் போலி. இதைவிடப் பெரிய ஆபத்து ஒன்று இருக்கிறது, பலருக்கு இது தெரிவதே இல்லை. உங்கள் செம்பின் வீடியோவையும் நீங்கள் கையெழுத்துப் போட்ட 'அக்ரிமெண்ட்'டையும் காட்டி இன்னும் நாலு பேரிடம் முதலீடு என்று வசூல் செய்வார்கள். ஏமாந்தவர்கள் போலீசுக்குப் போகும்போது புரோக்கரின் நிஜப் பெயரே யாருக்கும் தெரியாது, காகிதத்தில் இருப்பது உங்கள் பெயர்தான். அதனால் போட்டோ எடுக்கக்கூட விடாதீர்கள்.

விலைக்கு வருவோம். சாதாரணச் சொம்பு என்றால் பழைய பாத்திரக்கடையில் எடைக்குத்தான் எடுப்பார்கள். வேலைப்பாடு, பழைய எழுத்தில் வெட்டிய பெயர், ஊர், வருஷம் இருந்தால் சேகரிப்பவர்கள் எடைவிலைக்கு மேல் தருவார்கள். ஆனால் கோடி எல்லாம் கிடையாது.

ஒரு விஷயத்தை மட்டும் நிதானமாக யோசித்துச் சொல்லுங்கள். இது பரணில்தான் கிடைத்ததா? கிணறு வெட்டும்போதோ, அஸ்திவாரம் தோண்டும்போதோ, பழைய சுவரை இடிக்கும்போதோ கிடைத்திருந்தால் கதையே வேறு. மண்ணிலோ, மண்ணோடு சேர்ந்த கட்டடத்திலோ புதைந்து கிடைத்தது 1878-ஆம் வருஷத்துப் புதையல் சட்டத்தில் வரும். மதிப்பு பத்து ரூபாயைத் தாண்டினாலே கலெக்டருக்கு எழுத்தில் தெரிவிக்க வேண்டும். மறைத்தால் சிறை வரை போகலாம், தெரிவித்தால் கண்டெடுத்தவருக்கும் உரிமை கிடைக்க வழி உண்டு. பரணில் தாத்தா வைத்துப் போனது புதையல் இல்லை. சுவருக்குள் தாத்தாவின் தாத்தா வைத்துப் பூசியிருந்தால், சொந்த வீடே ஆனாலும், முதலில் கலெக்டர் அலுவலகம், பிறகுதான் மற்றதெல்லாம். பத்து ரூபாய் என்பது அன்றைக்குப் பெரிய பணம். இன்று ஒரு டீ கூட வராத அந்தத் தொகையை இத்தனை காலமாகச் சட்டத்தில் அப்படியே விட்டு வைத்திருக்கிறார்கள். நூறு வருஷத்துக்கு மேற்பட்ட தொல்பொருளுக்கு 1972-இல் தனிச் சட்டம் போட்டார்கள், பதிவு அதிகாரி இருக்கிறார், ஆனால் 'இது என்ன, எவ்வளவு பெறும்' என்று ஒரு சாதாரண மனிதர் கேட்டால் பதில் சொல்ல ஒரு மேசை கிடையாது. அந்தக் காலி இடத்தில்தான் புரோக்கர் நாற்காலி போட்டு உட்கார்ந்திருக்கிறார்.

ஏற்கெனவே ஆன்லைனில் பணம் அனுப்பியிருந்தால் இன்றே 1930 என்ற சைபர் மோசடி உதவி எண்ணுக்குக் கூப்பிடுங்கள், வாட்ஸ்அப் பேச்சு எதையும் அழிக்காதீர்கள். கையில் கொடுத்திருந்தால் அதே ஆதாரங்களோடு காவல் நிலையத்தில் எழுதிக் கொடுத்து ரசீது வாங்குங்கள். செம்பைப் புளி போட்டுத் தேய்க்க வேண்டாம், பெயர் வெட்டியிருந்தால் அந்த எழுத்து மழுங்கிவிடும், விலையும் குறையும். துணியால் தூசி தட்டி, அடிப்பாகத்தையும் கழுத்தையும் பகல் வெளிச்சத்தில் பாருங்கள், பெயர் பெரும்பாலும் அங்கேதான் இருக்கும்.