நாலு முயற்சி, பத்து யார்டு

கேள்வி: அமெரிக்க ஃபுட்பாலில் நான்கு முயற்சிக்குள் 10 யார்டு முன்னேற வேண்டும் என்ற கணக்கு எப்படி வந்தது?

பதில்: பந்தைத் தர மாட்டேன் என்று அணிகள் அடம்பிடித்ததால் வந்தது. 1880 வரை ரக்பி போல இரு தரப்பும் முட்டி மோதித்தான் பந்தை எடுக்க வேண்டும். அந்த ஆண்டு யேல் பல்கலைக்கழகத்து வால்டர் கேம்ப் சொன்ன யோசனைப்படி, பந்து ஓர் அணியின் கைக்கு வந்தது. நடுவில் நிற்பவர் அதைக் காலால் பின்னுக்குத் தள்ளி ஆட்டத்தைத் தொடங்குவார். அணிக்கு 15 பேர் இருந்ததும் 11 ஆனது.

ஆனால் பந்தை எப்போது விட்டுத்தர வேண்டும் என்று யாரும் எழுதி வைக்கவில்லை. 1881-ல் யேலுடன் ஆடிய பிரின்ஸ்டன் பல்கலைக்கழக அணி முதல் பாதி முழுக்கப் பந்தைத் தானே வைத்துக்கொண்டது. மறுபாதியில் யேலும் அதையே செய்தது. முடிவு 0-0. எதிரணி நெருக்கினால் சொந்த கோல் கோட்டுக்குப் பின்னால் பந்தைக் கொண்டுபோய்விடலாம், அந்தக் காலத்தில் அதற்கு எதிரணிக்குப் புள்ளி கிடையாது.

அதனால் 1882-ல் மூன்று முயற்சியில் 5 யார்டு முன்னேறு, இல்லையேல் பந்தைக் கொடு என்றார்கள். 10 யார்டு பின்வாங்கினாலும் பந்து உங்களுக்கே என்பது அதிலிருந்த வேடிக்கை! அளக்க வசதியாக 5 யார்டுக்கு ஒரு கோடு போட்டார்கள். மைதானத்துக்கு 'கிரிட்அயர்ன்' (இறைச்சி வாட்டும் கம்பித் தட்டு) என்ற பெயர் அந்தக் கோடுகளால் வந்ததே. 10 யார்டு ஆனது 1906-ல். நான்காவது முயற்சி 1912-ல்.

கேள்வி: பந்தை முன்னால் எறிவது ஆரம்பத்திலிருந்தே உண்டா?

பதில்: இல்லை. 5 யார்டுதானே என்று எல்லோரும் கைகோத்து ஆப்பு மாதிரி ஒரே இடத்தில் மோதினார்கள். ஹார்வர்டு 1892-ல் தூரத்திலிருந்தே ஓடிவந்து அப்படி மோதியது. 1905 பருவத்தில் 18 பேர் இறந்ததாகப் பத்திரிகைகள் எழுதின. அமெரிக்க அதிபர் தியோடர் ரூஸ்வெல்ட் ஹார்வர்டு, யேல், பிரின்ஸ்டன் பிரதிநிதிகளை வெள்ளை மாளிகைக்கு அழைத்துப் பேசினார். இந்த மோதலைக் குறைக்க 1906-ல் பந்தை முன்னால் எறிய அனுமதி கிடைத்தது. ஆனால் யார் மேலும் படாமல் பந்து தரையில் விழுந்தால் எதிரணிக்குப் போய்விடும். செயின்ட் லூயிஸ் அணியின் பிராட்பரி ராபின்சன் அந்த ஆண்டு செப்டம்பர் 5-ல் எறிந்த முதல் எறிக்கு அதுதான் கதி. பிறகு எறிந்தது டச் டவுன் ஆனது, அதாவது பந்து எதிரணியின் கோல் கோட்டைத் தாண்டிப் புள்ளி கிடைத்தது. பந்தோடு ஓடும் தன் அணிக்காரரைப் பிடித்துத் தள்ளுவதையும் இழுப்பதையும் 1910-ல்தான் தடுத்தார்கள்.

கேள்வி: டச் டவுனுக்கு எப்போதும் 6 புள்ளியா?

பதில்: 1883-ல் வெறும் 2. அதற்குப் பின் அடிக்கும் உதைக்கு 4! 6 ஆனது 1912-ல்.