35 டாலர் கொடுத்து கேரட் நறுக்கவா வியட்நாம் போவது?

கேள்வி: திருச்சியிலிருந்து சைகோனுக்கு டிக்கெட் எடுத்துவிட்டோம், நானும் கணவரும். அங்கிருந்து ஹோய் ஆன் போய் நான்கு நாள் தங்குகிறோம். ஒரு நாள் யாராவது ஒருவர் வீட்டில் வியட்நாம் சமையல் கற்றுக்கொள்ள ஆசை. ஆப்பைத் திறந்தால் 'வீட்டுச் சமையல் வகுப்பு' என்று ஏகப்பட்டது வருகிறது, 18 டாலரில் ஆரம்பித்து 60 டாலர் வரை, எல்லாவற்றுக்கும் ஐந்து நட்சத்திரம். எதை வைத்துத் தேர்ந்தெடுப்பது? (திருச்சி வாசகி)

பதில்: நட்சத்திரத்தை விட்டுவிடுங்கள். மதியம் வயிறு நிறையச் சாப்பிட்டு, கூடைப் படகில் சுற்றி, ஓலைத் தொப்பி போட்டுப் படம் எடுத்துக்கொண்டு, ராத்திரி ஹோட்டல் கட்டிலில் சாய்ந்தபடி போடுகிற நட்சத்திரம் அது. ஊருக்கு வந்து அதே பண்டத்தைத் தன் அடுப்பில் செய்து பார்த்த பிறகு ரிவ்யூ எழுதியவர் யாரையும் நான் பார்த்ததில்லை.

எனக்கே இது ஹனோயில் காசு கொடுத்துத்தான் புரிந்தது. 35 டாலர், நம் பணத்தில் மூவாயிரம் ரூபாய்க்குப் பக்கம். 'பாட்டி வீட்டு அடுப்படி' என்று போட்டிருந்தார்கள். போனால் ஒரு கட்டடத்தின் மூன்றாவது மாடி, நீள மேசை, 14 பேர், ஒரே அடுப்பு. பாட்டியைக் காணோம். ஆளுக்கொரு ஏப்ரன், ஆளுக்கொரு கேரட். நான் கேரட்டை நறுக்கினேன், பக்கத்தில் இருந்தவர் வெள்ளரிக்காயை நறுக்கினார், ஒரு பையன் வந்து எல்லாவற்றையும் அள்ளிக்கொண்டுபோய் வதக்கி எடுத்துவந்து வைத்தான். சாப்பாடு நன்றாகத்தான் இருந்தது, பொய் சொல்லக் கூடாது. கிளம்பும்போது லேமினேட் செய்த சான்றிதழ் வேறு. கேரட் நறுக்கியதற்கு.

அதனால் பணம் கட்டும் முன் ஒரு மெசேஜ் போடுங்கள். ஒரு வகுப்பில் அதிகம் போனால் எத்தனை பேர், எத்தனை அடுப்பு, மாவு கரைப்பதும் தொட்டுக்கொள்ளும் சாறு கலப்பதும் எங்கள் கையாலா அல்லது முன்பே செய்து வைத்துவிடுவீர்களா, சமைப்பது உங்கள் குடும்பம் புழங்குகிற அடுப்படியிலா. இவ்வளவுதான் கேட்க வேண்டியது. பதில் வரும் விதத்திலேயே பாதி தெரிந்துவிடும். வீட்டுக்காரர் எழுதினால் "எங்களிடம் மூன்று அடுப்புதான், ஆறு பேருக்கு மேல் எடுப்பதில்லை" என்று இருக்கும். ஏஜென்சிக்காரர் எழுதினால் கேட்டதை விட்டுவிட்டு, படகுக்குக் கூட்டிப் போவதைப் பற்றி நாலு வரி இருக்கும்.

அப்புறம், பட்டியலில் என்னென்ன பண்டம் என்று பாருங்கள். ஃபோ, அதாவது அரிசி நூடுல்ஸ் சூப், இருக்கிறது என்றதும் பாய்ந்துவிட வேண்டாம். ஃபோவுக்கு உயிரே அந்த எலும்புச் சாறுதான். சுட்ட இஞ்சி, சுட்ட வெங்காயம், அன்னாசிப்பூ, பட்டை எல்லாம் போட்டு ஆறு மணி நேரத்துக்கு மேல் அடங்கிய தீயில் கிடக்க வேண்டிய சமாச்சாரம் அது, மூன்று மணி நேர வகுப்பில் அதை முதலிலிருந்து செய்து காட்ட யாராலும் ஆகாது. முந்தின ராத்திரி காய்ச்சி வைத்ததைக் கிண்ணத்தில் ஊற்ற உங்களை விடுவார்கள். அதையே தெருவோரக் கடையில் 50 ஆயிரம் டாங்குக்கு, நம் கணக்கில் 170 ரூபாய் சொச்சத்துக்கு, இன்னும் நல்லதாகக் குடித்துவிடலாம். (ஃபோ என்று மட்டும் சொன்னால் பெரும்பாலும் மாட்டிறைச்சிதான் வரும். கோழி வேண்டுமென்றால் 'ஃபோ கா' என்று கேளுங்கள்.) வகுப்புக்கு ஏற்றவை கைப்பக்குவம் கேட்கிற பண்டங்கள்: நம் தோசை மாதிரி ஊற்றுகிற பான் சேயோ, அரிசித் தாளில் சுருட்டுகிற கோய் குவோன், தொட்டுக்கொள்கிற நுவக் சாம்.

ஹோய் ஆனில் நான் போன இரண்டாவது வகுப்பு அந்த மாதிரி. ட்ரா குவே என்கிற கீரைத் தோட்டக் கிராமம், டவுனிலிருந்து சைக்கிளில் போகிற தூரம், ஆற்றுப் பாசியை மண்ணில் புதைத்து உரமாக்கிக் கீரை வளர்க்கிற ஊர். வீட்டுக்கார அம்மாவை எல்லோரும் 'கோ' என்றே கூப்பிட்டார்கள். நாம் அத்தை, சித்தி என்கிற மாதிரி, வயதைப் பார்த்து முறை வைத்துக் கூப்பிடுவது அங்கேயும் உண்டு. பான் சேயோவுக்கு மாவு என்பது அரிசி மாவு, மஞ்சள் தூள், தண்ணீர், நறுக்கிய வெங்காயத் தாள், அவ்வளவுதான், புளிக்க வைப்பதில்லை. தோசை ஊற்றுகிற கை ஆயிற்றே என்று தெனாவெட்டாக ஒரு கரண்டி ஊற்றினேன். கோ எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு கீரை ஆய்ந்துகொண்டிருந்தார், திரும்பாமலே "இல்லை" என்றார். சட்டி காயவில்லை. இரண்டாவதுக்கும் அதே "இல்லை". மூன்றாவது கரண்டி விழுந்ததும் சட்டி 'சேயோ' என்று கத்தியது, அப்போதுதான் தலையை ஆட்டினார். பண்டத்துக்குப் பெயரே அந்தச் சத்தத்திலிருந்து வந்ததுதானாம். கரண்டியால் தேய்க்கக் கூடாது, சட்டியைச் சாய்த்துச் சுற்ற வேண்டும், இறாலும் முளைப்பயறும் போட்டு மூடி வைத்து, பிறகு மூடியை எடுத்துவிட்டு ஓரம் தானாக எழும்பி வரும்வரை கை வைக்காமல் இருக்க வேண்டும். நம்மூர்க் கைக்குக் கஷ்டம் அந்தக் கடைசி வேலைதான். அங்கே ஆளுக்கொரு சட்டி, நான்கு பேர், விலை 30 டாலர்.

ஆக விலை என்று பார்த்தால், சந்தை நடையும் நான்கு பண்டமும் சேர்த்து 25 முதல் 40 டாலர் நியாயம். 18 டாலர் என்றால் கும்பல் இருக்கும் என்று வைத்துக்கொள்ளுங்கள். 60 டாலரில் காரும் படகும்தான் கூடுதல், சமையலில் கூடுதலாக ஒன்றும் இருக்காது. காலை வகுப்பையே எடுங்கள், மத்தியானம் சந்தைக்குக் கூட்டிப் போனால் மீதம் கிடப்பதைத்தான் பார்ப்பீர்கள். நேரில் கட்டுவதானால் வியட்நாம் டாங்கிலேயே கட்டுங்கள், டாலர் சொன்னால் டாங் கணக்கு எவ்வளவு என்று முதலிலேயே எழுதி வாங்கிவிடுங்கள். நோட்டை எண்ணும்போது மட்டும் ஜாக்கிரதை: 20 ஆயிரம் டாங்கும் நீலம், 5 லட்சம் டாங்கும் நீலம். வெளிச்சம் குறைந்த இடத்தில் 70 ரூபாய்க்குப் பதில் 1,700 ரூபாயைத் தூக்கிக் கொடுத்துவிட்டு வந்தவர்கள் நிறையப் பேர்.

கேள்வி: நாங்கள் சுத்த சைவம், முட்டையும் கிடையாது. வகுப்பில் 'வெஜிடேரியன் உண்டு' என்று போட்டிருந்தால் நம்பலாமா? மாமியாரும் வருகிறார், ஏதாவது தப்பாகிவிட்டால் ஆயுசுக்கும் சொல்லிக் காட்டுவார். (சேலம் வாசகி)

பதில்: அந்த ஒரு வார்த்தையை நம்பாதீர்கள். மோசடி என்று சொல்ல வரவில்லை. அங்கே மீன் சாஸ், அதாவது நுவக் மாம், நமக்கு உப்பு மாதிரி. காய் வதக்கினாலும் அது விழும், கீரை மசித்தாலும் விழும், அதைச் சேர்த்ததாகவே யாருக்கும் தோன்றாது. இறைச்சி துண்டாக இல்லாவிட்டால் சைவம் என்று நினைத்துக் கொடுத்துவிடுவார்கள்.

நீங்கள் சொல்ல வேண்டிய சொல் 'சாய்', ச்சாய் என்று டீ கேட்பது போலத்தான். 'தோய் ஆன் சாய்' என்றால் நான் சைவம் என்று பொருள். இது புத்த மரபில் வந்த சொல், அவர்களிலேயே நிறைய குடும்பங்கள் சந்திர மாதத்தின் முதல் நாளும் பதினைந்தாம் நாளும், நமக்கு அமாவாசை பௌர்ணமியை ஒட்டி வருகிற நாட்கள், சைவம்தான் சாப்பிடுவார்கள். அதனால் நிஜமான வீட்டு அடுப்படியில் உங்களுக்கு அனுகூலம் அதிகம், வீட்டம்மாவுக்கு மீன் சாஸ் இல்லாமல் சமைக்கத் தெரிந்திருக்கும், சோயா சாஸில் சமாளிப்பார். இருந்தாலும் புக் செய்யும்போது ஒவ்வொன்றாக எழுதிவிடுங்கள்: மீன் சாஸ் வேண்டாம், இறால் விழுது வேண்டாம், சிப்பி சாஸ் வேண்டாம், பன்றிக் கொழுப்பு வேண்டாம், எலும்புச் சாறு வேண்டாம், முட்டை வேண்டாம். ஒரே சட்டியில் மற்றவர்களுக்கு இறால் பொரித்துவிட்டு உங்களுக்கு எடுக்காமல் இருக்க, உங்கள் குடும்பத்துக்கு மட்டும் தனி வகுப்பாகக் கேட்பதே நல்லது, ஆளுக்குச் சில டாலர் கூடும்.

மாமியாரை முன்கூட்டியே தயார் செய்துவிடுங்கள். சந்தை நடையில் மீன், தவளை, உயிர்க்கோழி எல்லாம் காலடியிலேயே இருக்கும், சந்தையைத் தவிர்த்து நேரே கீரைத் தோட்டம் போகிற வகுப்பும் ஹோய் ஆனில் கிடைக்கும். இன்னொன்று, தட்டில் வைக்கிற பச்சிலைகளில் 'சியெப் கா' என்று இதய வடிவில் ஒரு இலை வரும். கடித்தால் பச்சை மீன் வாடை அடிக்கும். அது வெறும் இலைதான், மீன் எதுவும் படவில்லை. இதை அவர் கடிப்பதற்கு முன்னால் சொல்லிவிட வேண்டும்.

கேள்வி: யூடியூபில் எல்லாம் இலவசமாக இருக்கும்போது எதற்கு இதற்குக் காசு? (மதுரை வாசகர்)

பதில்: நியாயமான கேள்வி. சமையல் குறிப்புக்காக என்றால் தேவையே இல்லை. ஆனால் அரிசித் தாளை எவ்வளவு நேரம் நனைப்பது என்று வீடியோ பார்த்துச் செய்தவர்கள் பெரும்பாலும் நன்றாக ஊற வைத்துவிட்டு, சுருட்டும்போது கிழிந்துபோய் என்னிடம் கேட்கிறார்கள். தண்ணீரில் ஒரு முக்கு, இன்னும் விறைப்பாக இருக்கும்போதே எடுத்துப் பலகையில் போட்டால், காய் அடுக்கி முடிப்பதற்குள் அதுவே இளகிவிடும். இதை ஒருவர் உங்கள் கையைப் பிடித்துக் காட்டுவதற்குத்தான் காசு. உங்களுக்கு அது தேவையில்லை என்றால் அந்த மூவாயிரத்துக்கு நாலு நாள் தெருக்கடையில் சாப்பிடுங்கள், அதுவும் ஒரு படிப்புதான்.

கேள்வி: அக்டோபர் கடைசியில் ஹோய் ஆன் போயிருந்தோம். சந்தை, கூடைப் படகு, சமையல் மூன்றும் சேர்த்து ஆளுக்கு 42 டாலர் ஆப்பில் கட்டியிருந்தோம். வெள்ளம் வந்து சந்தையும் இல்லை, படகும் இல்லை, ஒரு ஹாலில் உட்கார வைத்து இரண்டு பண்டம் மட்டும் செய்யச் சொன்னார்கள். பாதிப் பணம் கேட்டால் "வகுப்பு நடந்தது, ரீஃபண்ட் கிடையாது" என்கிறார்கள். என்ன செய்வது? (கோவை வாசகர்)

பதில்: முதலில் ஒன்று, அது உங்களுக்கு இனி உதவாது, படிக்கிறவர்களுக்கு உதவும்: ஹோய் ஆன் பக்கம் செப்டம்பர் முதல் டிசம்பர் வரை மழை, அக்டோபர், நவம்பரில் ஆறு டவுனுக்குள் ஏறுவது வழக்கம். அந்த மாதங்களில் 24 மணி நேரம் முன்புவரை இலவசமாக ரத்து செய்யலாம் என்று இருப்பதை மட்டும் புக் செய்யுங்கள், முதல் நாள் மழையைப் பார்த்துவிட்டு முடிவெடுக்கலாம்.

இப்போது உங்கள் பணம். நடத்தியவரோடு சண்டை போடுவதை நிறுத்துங்கள், நீங்கள் பணம் கொடுத்தது ஆப்புக்கு. விளம்பரப் பக்கத்தில் சந்தை, படகு, சமையல் என்று இருந்ததை ஸ்க்ரீன்ஷாட் எடுங்கள், இன்றே எடுங்கள், நாளை மாற்றிவிடுவார்கள். அன்றைய படங்கள், வந்த மெசேஜ்கள் எல்லாம் சேர்த்து, முழுப் பணம் என்று கேட்காமல் 'விளம்பரத்தில் இருந்து நடக்காத பகுதிக்கு' இவ்வளவு என்று தொகை போட்டுக் கேளுங்கள். முழுசாகக் கேட்டால் "சாப்பிட்டீர்களே" என்பார்கள், அதில் அவர்கள் பக்கமும் நியாயம் இருக்கிறது. மறுத்தால் கிரெடிட் கார்டு வங்கியில், வாங்கிய சேவை சொன்னபடி கிடைக்கவில்லை என்று டிஸ்ப்யூட் போடலாம். இதற்குக் காலக்கெடு உண்டு, தள்ளிப் போடாதீர்கள்.

இந்தியாவில் வழியே இல்லையா என்றால், இருக்கிறது. 2020-இன் மின்வணிக விதிகள், வெளிநாட்டில் பதிவான நிறுவனமாக இருந்தாலும் இந்திய நுகர்வோருக்குத் தொடர்ந்து விற்றால் அதற்கும் பொருந்தும். 2019 நுகர்வோர் சட்டப்படி நீங்கள் குடியிருக்கும் ஊரிலேயே புகார் கொடுக்கலாம். தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-க்கு ஒரு போன் போட்டுப் பதிவு செய்யுங்கள். ஆனால் 20 டாலருக்கு நுகர்வோர் ஆணையம் வரை போய் அலைவீர்களா என்பது உங்கள் பொறுமையைப் பொறுத்தது, நானாக இருந்தால் வங்கியோடு நிறுத்திக்கொள்வேன்.

கேள்வி: வகுப்பு முடித்து வரும்போது மீன் சாஸ், அந்த இலைகளின் விதை எல்லாம் வாங்கி வரலாமா? இங்கே கிடைக்காதே. (சென்னை வாசகி)

பதில்: விதையும் செடித் துண்டும் வேண்டவே வேண்டாம், உரிய அனுமதி இல்லாமல் கொண்டுவந்தால் விமான நிலையத்தில் வாங்கி வைத்துக்கொள்வார்கள். மீன் சாஸ் புட்டி கைப்பையில் ஏறாது, 100 மில்லிக்கு மேல் திரவம் விடமாட்டார்கள். பெட்டியில் வைத்து உடைந்தால் அந்தப் புடவையை மறந்துவிடுங்கள். வாடைக்குப் பயந்து சில விமானங்களில் பெட்டியிலும் ஏற்றமாட்டார்கள். இறங்கியதும் சுங்கப் படிவத்தில் மீன் பண்டம் என்று சொல்லவும் வேண்டும். இவ்வளவு பாடு எதற்கு? சென்னையில் பெரிய சூப்பர் மார்க்கெட்டுகளில் தாய்லாந்து மீன் சாஸ் இருக்கிறது. லேபிளில் நெத்திலி, உப்பு இரண்டும் முதலில் வருகிறதா என்று பாருங்கள், வேறு எதுவும் கலக்காததாக இருந்தால் இன்னும் நல்லது. வியட்நாம் புட்டியானால் 30, 35, 40 என்று ஓர் எண் இருக்கும், புரதச் சத்தைக் காட்டுகிற நைட்ரஜன் அளவு அது, தொட்டுக்கொள்ள 30-க்கு மேல் போகலாம்.

அங்கிருந்து வாங்கி வர வேண்டியது அரிசித் தாளும், சொட்டுக் காபி போடுகிற சின்ன அலுமினிய ஃபில்டரும், கேரட், பப்பாளி சீவுகிற நெளிநெளி கத்தியும்தான். கத்தியைப் பெட்டிக்குள் வையுங்கள். மூன்றையும் வகுப்பு நடக்கிற இடத்தில் அழகாக அடுக்கி வைத்து விற்பார்கள், சந்தையில் விலை விசாரித்த பிறகு வாங்குங்கள்.

நுவக் சாமுக்கு அளவு: மீன் சாஸ் ஒரு பங்கு, எலுமிச்சைச் சாறு ஒரு பங்கு, சர்க்கரை ஒரு பங்கு, தண்ணீர் நாலு பங்கு. சர்க்கரை முழுக்கக் கரைந்த பிறகு, பூண்டையும் மிளகாயையும் பொடியாக நறுக்கிக் கடைசியில் தூவுங்கள், மேலே மிதக்க வேண்டும். மூழ்கிவிட்டாலும் ருசி ஒன்றும் கெடாது, கோ பார்த்தால் மட்டும் "இல்லை" என்பார்.