உள்ளரங்க ட்ரோன் சிமுலேட்டரில் சுற்று நேரம் ஏன் குறையவில்லை?

கேள்வி: திருமங்கலத்தில் வசிக்கும் கல்லூரி மாணவன் நான். வெலோசிட்ரோன் சிமுலேட்டரில் 65 மில்லிமீட்டர் ஹூப் ட்ரோனை (விசிறிகளைச் சுற்றி வளையம் கொண்ட குட்டி ட்ரோன்) ஓட்டிப் பழகுகிறேன். கேமரா கோணத்தை 40 டிகிரிக்கு ஏற்றியும் ஒரு சுற்று 31 விநாடிக்குக் கீழே இறங்கவில்லை. கொண்டை ஊசி வளைவுகளில் ட்ரோன், ஊடே பறக்க வேண்டிய கேட்டைத் தாண்டிப் போய்விடுகிறது. என்ன செய்யலாம்?

பதில்: நீங்கள் நேரத்தை இழப்பது நேர்பாதையில் அல்ல, வளைவில்தான், அதற்கு முதற்காரணம் அந்த 40 டிகிரிதான். திறந்த மைதானத்தில் சீறிப் பாயும் 5 அங்குல விசிறி கொண்ட ட்ரோனுக்கு அது பொருந்தும். ட்ரோன் முன்பக்கமாக எவ்வளவு சாய்ந்து பறக்கிறதோ ஏறக்குறைய அதே அளவு கேமரா மேல்நோக்கி இருந்தால்தான் பார்வை மட்டமாக நிற்கும். அறைக்குள் வளைவுக்காக வேகத்தைக் குறைத்து ட்ரோன் நிமிர்ந்ததும் உங்கள் கேமரா கூரையைப் பார்க்கிறது, கேட் திரையின் அடியில் நழுவுகிறது. அதைக் கண்ணில் பிடிக்க மூக்கைத் தாழ்த்துகிறீர்கள், உடனே வேகம் கூடி வளைவு கைவிட்டுப் போகிறது. கோணத்தை 20 டிகிரிக்கு இறக்குங்கள். தொடக்கத்தில் மந்தமாகத் தோன்றும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

அடுத்தது த்ராட்டில், அதாவது மோட்டார்களின் உந்துவிசையைக் கூட்டிக் குறைக்கும் கட்டுப்பாடு. பக்கவாட்டில் 60 டிகிரி சாய்ந்து திரும்பும் ட்ரோன் உயரம் இழக்காதிருக்க, அந்தரத்தில் அசையாமல் நிற்கத் தேவைப்படுவதைப் போல இரு மடங்கு உந்துவிசை வேண்டும். பலரும் வளைவுக்குள் நுழைகையில் த்ராட்டிலை முழுதாக இறக்கிவிட்டு, தரை நெருங்கியதும் பதறி ஏற்றுகிறார்கள். எடை மிகக் குறைந்த ஹூப் துள்ளி எழுந்து அடுத்த கேட்டின் மேல்விளிம்பில் மோதுகிறது. சாய்க்கும்போதே த்ராட்டிலையும் சிறிது சிறிதாகக் கூட்டப் பழகுங்கள்.

மாட்டுத்தாவணியில் பேருந்து ஓட்டுநர் வளைவுக்கு முன் வெளிப்பக்கம் அகலமாக ஒதுங்கித் திருப்புவதைப் போல, நீங்களும் அகலமாக நுழைந்து, உள்முனையைத் தாமதமாகத் தொட்டு, அடுத்த கேட்டை நேராக நோக்கியபடி வெளியேறுங்கள். கேட்டைக் கடக்கும் முன்பே கண் அடுத்த கேட்டுக்குப் போயிருக்க வேண்டும்.

மதுரை வெயிலில் மடிக்கணினி சூடேறினால் அதன் ப்ராசஸர் தானாகவே வேகத்தைக் குறைத்துக்கொள்ளும், திரையில் நொடிக்கு ஓடும் பிரேம்களும் (படச்சட்டங்கள்) குறையும். நொடிக்கு 120 பிரேம் ஓடும்போது ஒரு பிரேமுக்கு 8.3 மில்லிவிநாடி, 60 ஆனால் 16.7; அந்த அளவுக்குக் காட்சி உங்கள் கண்ணுக்குத் தாமதமாக வரும். ஆகவே கிராபிக்ஸைக் குறைத்து, விசிங்கை (பிரேம்களைத் திரையின் புதுப்பிப்போடு ஒத்திசைக்கும் அமைப்பு) அணைத்து, சார்ஜரைச் செருகியே ஓட்டுங்கள்.

ஸ்டிக்கை அசைத்தால் ட்ரோன் எவ்வளவு வேகமாகச் சுழலும் என்பதைத் தீர்மானிக்கும் ரேட்ஸ் அமைப்பை இப்போது தொடாதீர்கள். கோணத்தோடு அதையும் சேர்த்து மாற்றினால் எது பலன் தந்தது என்று பிரித்தறிய இயலாது.