அங்காடிக்காரர் கேள்விகள்: லைசென்ஸ், கம்பவுண்ட், பறிமுதல்

மலேசியாவின் பேராக் மாநிலத்துச் சுங்கை சிப்புட் வட்டாரத் தோட்டப்புற வியாபாரிகளிடமிருந்து இந்த வாரம் வந்தவை.

இந்தியாவில் நடைபாதை வியாபாரிகளைத் திடீரென்று அப்புறப்படுத்த முடியாதாமே. அந்தச் சட்டம் நமக்கும் உதவுமா?

உதவாது. அது 2014-இல் இந்திய நாடாளுமன்றம் போட்ட சட்டம். காலி செய்ய 30 நாள் முன்னறிவிப்பு தர வேண்டும், ஊர்க் குழுவில் பத்துக்கு நாலு பேராவது வியாபாரிகளாக இருக்க வேண்டும் என்கிறது. நல்ல சட்டம்தான். இங்கே அதற்கு ஈடாக ஒன்று இல்லை. நமக்கு 1976-ஆம் ஆண்டு ஊராட்சிச் சட்டமும் அந்தந்த ஊராட்சி மன்றத்தின் துணை விதிகளும்தான். வாட்ஸ்அப்பில் வந்ததை அச்சடித்துக்கொண்டு அமலாக்க அதிகாரி முன் நிற்காதீர்கள்.

லைசென்ஸ் வீட்டு அலமாரியில் பத்திரமாக இருக்கிறது. அதற்கும் சம்மனா?

ஆமாம். கடையில் கண்ணில் படும்படி மாட்ட வேண்டும் என்பது ஊராட்சிச் சட்டத்தின் 107-ஆவது பிரிவு. தவறினால் 500 வெள்ளி (ரிங்கிட்) வரை அபராதம், 6 மாதம் வரை சிறை, அல்லது இரண்டும். எண்ணெய்ப் புகை படாமல் பிளாஸ்டிக் உறையில் போட்டு மாட்டுங்கள்.

அத்தையின் லைசென்ஸை மாதம் 300 வெள்ளிக்கு எடுத்து நாலு வருசமாக ரொட்டி சானாய் கடை போடுகிறேன். இப்போது வேறு ஆளுக்குக் கொடுக்கப் போகிறாராம். எனக்கு உரிமை உண்டா?

இல்லை. எத்தனை முறை எழுதினாலும் இந்தக் கேள்வி நிற்பதில்லை. லைசென்ஸ் நிலம் அல்ல, வாடகைக்கு விட. ஒரு பெயருக்கு, ஓர் இடத்துக்குத் தரப்படும் அனுமதி அது. மூன்று வருசத்துக்கு மேல் ஒரு லைசென்ஸ் செல்லாது. ஆக, நடுவில் ஒருமுறையாவது அத்தை புதுப்பித்திருக்கிறார், தானே வியாபாரம் செய்வதுபோல. அதிகாரி உங்கள் ஐசியையும் (அடையாள அட்டை) லைசென்ஸையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் போதும், இருவருக்கும் கதவு அடைபடும். காரணம் சொல்லாமலே மன்றம் ரத்து செய்யலாம். நஷ்ட ஈடும் கிடையாது. அந்த 300 வெள்ளிக்கு எந்த நீதிமன்றத்திலும் மதிப்பில்லை.

இதில் நசுங்குவது யார்? தோட்டம் துண்டாடப்பட்டு லயத்தை (தோட்டத் தொழிலாளர் குடியிருப்பை) விட்டு வந்து, விடியற்காலை நாலு மணிக்கு மாவு பிசைகிறவர். லைசென்ஸ் அடுப்புப் பக்கமே வராதவர் கையில் இருக்கிறது. உழைப்பவர் திருட்டுத்தனமாக நிற்கிறார். இது எனக்குப் பொறுக்கவில்லை.

உங்கள் பெயரிலேயே விண்ணப்பியுங்கள்: ஐசி நகல், படம், டைபாய்டு ஊசிச் சான்று (மூன்று வருசத்துக்கு ஒருமுறை), உணவு கையாள்வோர் பயிற்சிச் சான்று, கடை போடும் இடத்தின் வரைபடம். கொடுத்த விண்ணப்பத்தின் நகலில் தேதியோடு முத்திரை வாங்குங்கள். முத்திரை இல்லாவிட்டால் நீங்கள் விண்ணப்பிக்கவே இல்லை என்றுதான் கணக்கு.

வண்டியை லோரியில் ஏற்றிக்கொண்டு போய்விட்டார்கள்.

எப்போது, எங்கே என்று எழுதவில்லையே ஐயா! பொதுவாகச் சொல்கிறேன். அங்கேயே பொருள் பட்டியல் கேளுங்கள்: கேஸ் தோம்பு எத்தனை, அடுப்பு எத்தனை, நாற்காலி எத்தனை. படம் எடுங்கள். மல்லுக்கு நிற்காதீர்கள், அது தனிக் குற்றம். மறுநாளே மீட்கப் போங்கள். வைப்புக் கட்டணம் ஏறும். கறி, மாவு திரும்பி வராது. கம்பவுண்டை (நீதிமன்றம் போகாமல் கட்டும் தண்டத் தொகை) குறித்த நாளுக்குள் கட்டி ரசீதை வையுங்கள். நீதிமன்றம் போனால் துணை விதிக் குற்றத்துக்கு 2,000 வெள்ளி வரை, ஒரு வருசச் சிறை வரை போகலாம்.

அப்பா பெயரில் நில அலுவலகத்து டி.ஓ.எல். (அரசு நிலத்தில் தற்காலிகமாக இருக்கும் அனுமதி) உண்டு. அவர் தவறிவிட்டார். மகனுக்கு வருமா?

வராது தம்பி. அவரோடு முடிந்தது. இருந்திருந்தாலும் டிசம்பர் 31-இல் முடிந்திருக்கும். புதிதாக விண்ணப்பியுங்கள், நகலில் முத்திரை மறக்காதீர்கள்.

கொதிக்கும் எண்ணெய் கையில் பட்டால் சொக்சோ (சமூகப் பாதுகாப்பு நிறுவனத்தின் காப்பீடு) உண்டா?

அதன் சுயதொழில் திட்டத்தில் சேர்ந்திருந்தால் உண்டு. சந்தா வருசத்துக்கு ஏறக்குறைய 160 வெள்ளியிலிருந்து.

லைசென்ஸ் ரத்துக் கடிதம் வந்தது. என்ன செய்யலாம்?

வந்த தேதிதானே முக்கியம் அம்மா, அதையே விட்டுவிட்டீர்கள். உயர் நீதிமன்றத்தில் மறுஆய்வு கேட்க மூன்று மாதம்தான் கெடு. உறையோடு கடிதத்தை எடுத்துக்கொண்டு ஈப்போவில் உள்ள வழக்கறிஞர் மன்றத்தின் சட்ட உதவி மையத்துக்கு இந்த வாரமே போங்கள்.